அடையாள மற்றும் அணுகல் முகாமைத்துவத் துறை இன்று எங்கே நிற்கிறது?

கிளிநொச்சி அறிவியல் நகரில் கணினிப் பொறியியல் இறுதி ஆண்டில் படிக்கும் ஒரு தங்கை மூன்று கேள்விகளைச் சேர்த்துக் கேட்டிருக்கிறார். கொழும்பிலுள்ள ஒரு மென்பொருள் நிறுவனம் தனது அடையாள மற்றும் அணுகல் முகாமைத்துவப் பிரிவில் பயிற்சிக்கு அவரை அழைத்திருக்கிறது. அந்தத் துறை இன்று எந்த நிலையில் இருக்கிறது என்பது முதற்கேள்வி. மைக்ரோசொப்ட் போன்ற பெரிய நிறுவனங்கள் சந்தையைக் கைப்பற்றிவிட்ட பிறகு புதிதாக வருபவருக்கு என்ன வேலை மிஞ்சும் என்பது இரண்டாவது. கடவுச்சொல்லே இல்லாமற் போகப்போகிறது என்கிறார்களே, அப்படியானால் துறையும் சுருங்கிவிடாதா என்பது மூன்றாவது.

பயிற்சியை ஏற்றுக்கொள்ளுங்கள், தங்கச்சி. துறை சுருங்கவில்லை, அதில் கடினமான வேலை இருக்கும் இடம்தான் மாறிக்கொண்டிருக்கிறது. ஏற்கெனவே பதிவான ஒருவர் மறுபடி உள்ளே வரும்போது அவரை உறுதிப்படுத்தும் தொழில்நுட்பம் கடந்த பத்தாண்டில் நன்றாக முதிர்ந்துவிட்டது. ஆனால் ஒருவரை முதன்முதலாக இன்னார் என்று ஏற்றுப் பதிவதிலும், கருவியையும் ஆவணங்களையும் இழந்து வந்து நிற்பவரை மறுபடி அடையாளம் கண்டு அவருடைய கணக்கை அவரிடமே ஒப்படைப்பதிலும், பதவி மாறியவரின் உரிமைகளை உரிய நேரத்தில் நீக்குவதிலும் துறை இன்னமும் பலவீனமாகவே இருக்கிறது. அண்மைய ஆண்டுகளின் பெரிய ஊடுருவல்களிற் பல இந்த இடங்களில்தான் நிகழ்ந்தன. நீங்கள் உழைக்க வேண்டிய இடமும் அதுவே என்பது என் உறுதியான எண்ணம். கீழே எழுதுவதெல்லாம் அதற்கான காரணங்கள்.

முதலில் துறையின் எல்லையைச் சொல்லிவிடுகிறேன். ஒரு மாவட்ட வைத்தியசாலையை எடுத்துக்கொண்டால், வைத்தியர் நோயாளியின் பதிவேட்டைப் பார்க்க வேண்டும், மருந்தாளர் மருந்துச்சீட்டை மட்டும் பார்த்தாற் போதும், கணக்குக் கிளைக்குச் சம்பளப் பட்டியல் தேவை, ஆய்வுகூட இயந்திரத்தை விற்ற நிறுவனத்தின் தொழில்நுட்பவியலாளருக்கு அந்த இயந்திரம் மட்டும் போதும். இவர் யார் என்று உறுதிப்படுத்துவது ஒரு வேலை. இவருக்கு எதுவரை அனுமதி என்று தீர்மானிப்பது இன்னொரு வேலை. அந்த அனுமதி இன்றும் பொருத்தமானதா என்று காலத்துக்குக் காலம் சரிபார்ப்பது மூன்றாவது வேலை. இவற்றின் மேல்தான் சந்தை பிரிந்திருக்கிறது. ஊழியர்களின் உள்நுழைவுக்கு ஒரு வகைப் பொருள், வாடிக்கையாளர்களின் கணக்குகளுக்கு இன்னொரு வகை, நிருவாகிகளின் உயர் உரிமைக் கணக்குகளைக் காப்பதற்கு வேறொன்று, அனுமதிகளை மீளாய்வு செய்யும் ஆளுகைக்கு மற்றொன்று என்று தனித்தனி நிறுவனங்கள் வளர்ந்தன. அந்தப் பிரிவுகள் இப்போது ஒன்றோடொன்று கரைந்து வருகின்றன.

கரைவதற்குப் பணமே முதற்காரணம். மைக்ரோசொப்டின் அக்டிவ் டைரக்டரி 2000 ஆம் ஆண்டு விண்டோஸ் 2000 உடன் வந்து உலகின் அலுவலகக் கணினிகளின் பயனர் பட்டியலாக நிலைபெற்றது. அதன் கிளவுட் வடிவம் 2023 இல் என்ட்ரா ஐடி என்று பெயர் மாறியது. அலுவலக மென்பொருள்களை வாங்குபவர்களுக்கு அது அநேகமாகச் சேர்ந்தே வந்துவிடுவதால், தனியாக விற்கும் நிறுவனங்கள் அதைவிட எவ்வளவு சிறந்தவை என்று ஒவ்வொரு வாடிக்கையாளரிடமும் நிறுவ வேண்டியிருக்கிறது. அப்படி நிறுவி நின்ற நிறுவனங்களுள் 2009 இல் தொடங்கிய ஒக்டா முதன்மையானது. 2021 இல் ஏறத்தாழ 6.5 பில்லியன் டொலர் பெறுமதிக்கு ஓத்0 நிறுவனத்தை வாங்கி, ஊழியர் சந்தையோடு வாடிக்கையாளர் சந்தையையும் சேர்த்துக்கொண்டது. 2025 ஜனவரியில் முடிந்த நிதியாண்டில் அதன் வருமானம் 2.6 பில்லியன் டொலர். தோமா பிராவோ என்ற முதலீட்டு நிறுவனம் 2022 இல் செயில்பொயின்டை 6.9 பில்லியனுக்கும் பிங் ஐடென்டிட்டியை 2.8 பில்லியனுக்கும், 2023 இல் போர்ஜ்ரொக்கை 2.3 பில்லியனுக்கும் வாங்கியது. போர்ஜ்ரொக் பின்னர் பிங்குடன் இணைக்கப்பட்டது. செயில்பொயின்ட் 2025 பெப்ரவரியில் மீண்டும் பங்குச் சந்தைக்கு வந்தது. உயர் உரிமைக் கணக்குகளைக் காப்பதில் பெயர்பெற்ற சைபர்ஆர்க்கை ஏறத்தாழ 25 பில்லியன் டொலருக்கு வாங்கப்போவதாகப் பாலோ அல்ட்டோ நெட்வேர்க்ஸ் 2025 ஜூலையில் அறிவித்தது. வலையமைப்புப் பாதுகாப்பை விற்றுவந்த ஒரு நிறுவனம் இவ்வளவு பெருந்தொகையை அடையாளத்தின் மேல் வைத்தது, தாக்குதல்கள் எந்தப் பக்கமாக வருகின்றன என்பதை நன்றாகக் காட்டுகிறது.

எமது நாட்டுக்கு நேரடியாகத் தொடர்புள்ள செய்தியும் இதற்குள் இருக்கிறது. 2005 இல் சஞ்ஜீவ வீரவரண முதலானோர் தொடங்கி, கொழும்பைத் தளமாகக் கொண்டு வளர்ந்த டபிள்யூ.எஸ்.ஓ.2 நிறுவனத்தின் ஐடென்டிட்டி சேர்வர், இத்துறையில் உலகெங்கும் பயன்படும் திறந்த மூலப் பொருள்களுள் ஒன்று. அதே நிறுவனம் அஸ்கார்டியோ என்ற பெயரில் கிளவுட் சேவையையும் தருகிறது. 2024 இல் ஈ.கியூ.டி. என்ற முதலீட்டு நிறுவனம் டபிள்யூ.எஸ்.ஓ.2 ஐ வாங்குவதாக அறிவிப்பு வந்தது. இந்தத் துறையின் அடித்தளத்தை எழுதும் வேலை சிலிக்கன் பள்ளத்தாக்கில் மட்டும் நடப்பதில்லை. அறிவியல் நகரிலிருந்து ஒரு நாள் பஸ் பயணத் தூரத்தில் அது பல ஆண்டுகளாக நடந்துவருகிறது.

நிறுவனங்கள் கைமாறுவதைக் கண்டு அஞ்ச வேண்டாம் என்று சொல்வதற்கு இன்னொரு காரணம் உண்டு. பொருள்களின் பெயர்கள் மாறினாலும் அவற்றுக்கு அடியிலுள்ள நெறிமுறைகள், அதாவது கணினிகள் ஒன்றோடொன்று பேசுவதற்கான பொது விதிகள், மெதுவாகவே மாறுகின்றன. ஓரிடத்தில் உறுதிப்படுத்திய உள்நுழைவை இன்னோரிடத்துக்கு அறிவிக்கும், 2005 இல் முடிவான எஸ்.ஏ.எம்.எல். 2.0 இன்றும் வங்கிகளிலும் பல்கலைக்கழகங்களிலும் ஓடுகிறது. ஒரு செயலிக்கு வரையறுத்த அனுமதியை வழங்கும் 2012 இன் ஓஆத் 2.0, அதன் மேல் உள்நுழைவுக்காக 2014 இல் எழுந்த ஓப்பன் ஐடி கனெக்ட், கணக்குகளை உருவாக்கவும் நீக்கவும் பயன்படும் 2015 இன் ஸ்கிம் 2.0 ஆகியவற்றை ஆழமாகக் கற்றவர் எந்த நிறுவனத்தின் பொருளையும் சில வாரங்களிற் கையாளப் பழகிவிடுவார். பொருளை மட்டும் கற்றவர் அடுத்த கைமாற்றத்தில் மறுபடி தொடக்கத்தில் நிற்க நேரிடும். உங்கள் பல்கலைக்கழக உலகிலேயே இதற்கு உதாரணம் உண்டு: இலங்கைப் பல்கலைக்கழகங்களை இணைக்கும் லேர்ன் வலையமைப்பு அடையாளக் கூட்டிணைப்பு ஒன்றையும் எடுரோம் சேவையையும் நடத்துகிறது. சொந்தப் பல்கலைக்கழகத்தின் கணக்கைக் கொண்டு வேறொரு பல்கலைக்கழகத்தின் வைஃபையில் நுழைவது, ஒரு நிறுவனம் கொடுத்த உறுதியை இன்னொரு நிறுவனம் ஏற்கிறது என்ற கொள்கையின் செயல்வடிவம். கூட்டிணைந்த அடையாளம் என்று பாடநூல்கள் சொல்வது இதைத்தான்.

இனிக் கடவுச்சொல்லுக்கு வருவோம். கடவுச்சொல்லுக்குப் பதிலாகக் கருவியிலுள்ள திறவுகோலைக் கொண்டு நுழையும், பாஸ்கீ என்று அழைக்கப்படும் முறைமை மெய்யாகவே நல்லது என்பதைத் தயக்கமின்றிச் சொல்வேன். ஃபிடோ கூட்டமைப்பு 2012 இலிருந்து முன்னெடுத்த உழைப்பின் பலனாக அதன் அடித்தளமான வெப்ஓத்ன் என்ற தரநிலை 2019 மார்ச்சில் இணையத் தரநிலையாக ஏற்கப்பட்டது. 2022 இல் அப்பிள், கூகுள், மைக்ரோசொப்ட் மூன்றும் அதை விரிவாக ஆதரிப்பதாக அறிவித்தன. 2025 மே மாதத்திலிருந்து மைக்ரோசொப்டில் புதிதாகத் திறக்கப்படும் தனிநபர் கணக்குகள் இயல்பாகவே கடவுச்சொல் இன்றி அமைகின்றன. இதன் பலம் எளிமையானது. உங்கள் கைத்தொலைபேசியில் ஓர் இரகசியத் திறவுகோல் பிறக்கிறது. அதன் இணையான பொதுத் திறவுகோல் மட்டுமே வலைத்தளத்துக்குப் போகிறது. திறவுகோல் எந்த வலைத்தளத்துக்காகப் பிறந்ததோ அந்த முகவரிக்கு மட்டுமே அது கையொப்பமிடும். வங்கியின் தோற்றத்தில் ஒரு போலித் தளத்தை எவ்வளவு கச்சிதமாக அமைத்தாலும் முகவரி வேறாக இருப்பதால் திறவுகோல் அங்கே பதிலளிக்காது. மனிதரின் கண் ஏமாறலாம். இந்தச் சரிபார்ப்பு கண்ணை நம்பியிருக்கவில்லை. குறுஞ்செய்தியில் வரும், ஒருமுறை மட்டும் செல்லுபடியாகும் இலக்கமான ஓடிபி அப்படியானதன்று. தொலைபேசியில் அழைத்து, "அம்மா, உங்களுக்கு இப்ப வந்த நம்பரைச் சொல்லுங்கோ" என்று கேட்பவரிடம் அதை வாசித்துக் காட்டிவிட முடியும். வெளிநாட்டிலிருந்து மகன் அனுப்பிய காசு இப்படிப் பறிபோன குடும்பங்களை வன்னியில் எல்லோரும் அறிவார்கள். சிங்கப்பூரின் பெரிய வங்கிகள், வங்கிச் செயலியிலேயே உறுதிப்படுத்தும் டிஜிட்டல் டோக்கன் வைத்திருக்கும் வாடிக்கையாளர்களுக்குக் குறுஞ்செய்தி ஓடிபியைப் படிப்படியாக நிறுத்துவதென்று 2024 ஜூலையில் அறிவிக்கப்பட்டதும் இந்தக் காரணத்தாலேயே.

கடவுச்சொல் பற்றிய பழைய விதிகள் சிலவும் விழுந்துவிட்டன. மூன்று மாதத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும் என்ற கட்டாயம் பலனற்றது என்று அமெரிக்கத் தரநிலை நிறுவனமான நிஸ்ட் 2017 இலேயே வழிகாட்டியது. 2025 இல் வெளிவந்த நான்காம் பதிப்பில் அப்படிக் கட்டாயப்படுத்தவே கூடாது என்று அறுதியாகச் சொல்லிவிட்டது. எமது அலுவலகங்கள் பலவற்றில் அந்தக் கட்டாயம் இன்னமும் நடைமுறையில் இருப்பது வருத்தத்துக்குரியது, ஏனெனில் அதன் ஒரே விளைவு மேசைக் கண்ணாடிக்கு அடியில் எழுதிவைக்கப்பட்ட காகிதத் துண்டுதான்.

ஆனால் பாஸ்கீயை வடிவமைத்தவர்களின் மனத்தில் இருந்த பயனர் யார் என்று யோசித்துப் பார்க்க வேண்டும். அவரிடம் சொந்தமாக ஒரு கைத்தொலைபேசி இருக்கிறது. அதில் அவருடைய பெயரிலேயே அப்பிள் அல்லது கூகுள் கணக்கு இருக்கிறது. தொலைபேசி தொலைந்தால் வீட்டிலுள்ள இன்னொரு கருவியிலிருந்து அனைத்தையும் மீட்டுக்கொள்வார். முல்லைத்தீவுக் கரையோரத்திலோ துணுக்காயிலோ உள்ள பல வீடுகளில் நிலைமை வேறு. ஒரு தொலைபேசியைத் தாயும் பிள்ளைகளும் பாவிக்கிறார்கள். சிம் சில வேளைகளில் அண்ணனின் அல்லது பக்கத்து வீட்டாரின் பெயரில் இருக்கிறது. கூகுள் கணக்கைத் தொலைபேசிக் கடைக்காரரே திறந்து கொடுத்திருப்பார்; அதன் கடவுச்சொல்லோ மீட்பு மின்னஞ்சலோ உரியவருக்குத் தெரியாது. இந்த வீட்டுக்குப் பாஸ்கீ வந்தால் உள்நுழைவு வலுவாகும், தொலைபேசி உடைந்த அன்று கணக்கும் சேர்ந்தே போய்விடும். தொழில்நுட்பத்தின் குறை இதில் சிறிதளவே. மீட்பு என்பதை எவரும் முதல் வேலையாக எடுத்து வடிவமைக்காததுதான் பெருங்குறை.

மீட்பில் உள்ள பலவீனம் ஏழைப் பயனரை வெளியே நிறுத்துகிறது. அதே பலவீனம் தாக்குபவரை உள்ளே விடுகிறது. 2023 செப்டெம்பரில் அமெரிக்காவின் எம்.ஜி.எம். ஹோட்டல் குழுமத்தின் கணினிகள் முடங்கின. தாக்கியவர்கள் ஓர் ஊழியரைப் போல உதவி மையத்துக்குத் தொலைபேசியில் அழைத்துப் பேசியே நுழைந்தார்கள் என்று செய்திகள் கூறின. நிறுவனம் கணக்கிட்ட பாதிப்பு ஏறத்தாழ 100 மில்லியன் டொலர். 2025 ஏப்ரலில் பிரித்தானியாவின் மார்க்ஸ் அண்ட் ஸ்பென்சர் கடைகளும் ஆள்மாறாட்டத்தின் வழியாகவே ஊடுருவப்பட்டன. இலாபத்தில் ஏறத்தாழ 300 மில்லியன் பவுண் இழப்பை அந்நிறுவனம் எதிர்பார்த்தது. விலை உயர்ந்த பாதுகாப்பு மென்பொருள்களுக்கு அங்கே குறைவிருந்திருக்காது. "எனது தொலைபேசி தொலைந்துவிட்டது, இரண்டாம் சரிபார்ப்பை நீக்கிவிடுங்கள்" என்று ஒருவர் அழைக்கும்போது மறுமுனையில் இருப்பவர் எதைக் கேட்டு, எதை நம்பி முடிவெடுக்க வேண்டும் என்ற கேள்விக்குத்தான் சரியான விடை இல்லை. பிறந்த திகதியையும் ஊழியர் இலக்கத்தையும் கேட்பது விடையாகாது. அவை ஏற்கெனவே எங்கோ கசிந்தவை.

இந்தக் கேள்வி வன்னியில் வாழ்ந்தவர்களுக்குப் புதியதன்று. 2009 இல் போர் முடிந்தபோது ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் செட்டிகுளம் மெனிக் பாம் முதலான முகாம்களுக்குள் கொண்டுவரப்பட்டார்கள். பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டை, காணி உறுதி, வங்கிப் புத்தகம், பள்ளிச் சான்றிதழ் எல்லாவற்றையும் இடம்பெயர்ந்த பாதையிற் கைவிட்டு வந்தவர்கள் எண்ணற்றோர். சில இடங்களில் பதிவேட்டின் மூலப் பிரதிகளே அழிந்திருந்தன. அப்படியான ஒருவர் தன்னை இன்னார் என்று எப்படி நிறுவினார்? கிராம அலுவலர் அவரை அறிந்திருந்தார். பாடசாலை அதிபர் பழைய இடாப்பை வைத்திருந்தார். சமாதான நீதவான் முன்னிலையில் சத்தியக்கடதாசி முடிக்கப்பட்டது. பிறப்புப் பதிவே கிடைக்காதவருக்கு உத்தேச வயதுச் சான்றிதழ் வழங்கப்பட்டது. நடமாடும் சேவைகளில் இவையெல்லாம் ஒரே நாளில் ஒன்றுசேர்க்கப்பட்டன. மெதுவான முறைதான், பலரை அலைக்கழித்ததும் உண்மை. ஆயினும் அதற்குள் ஒரு தெளிவான வடிவமைப்பு இருந்தது. ஒன்றையொன்று சாராத பல சாட்சிகள் வேண்டும். ஒவ்வொரு சாட்சியும் தன் பெயரில் பொறுப்பேற்க வேண்டும். முழு ஆவணம் வரும்வரை தற்காலிக ஆவணம் வேண்டும். பின்னர் தவறு தெரியவந்தால் திருத்த வழி வேண்டும். இன்றைய நிறுவனங்களின் கணக்கு மீட்பு முறைகளை இந்த நான்கோடும் ஒப்பிட்டுப் பார்த்தால், பெரும்பாலானவை முதலாவதிலேயே தோற்றுவிடுகின்றன. ஒரே சிம்முக்குப் போகும் ஒரே குறுஞ்செய்தி அவற்றின் ஒரே சாட்சி. தற்போது சில நிறுவனங்கள் ஊழியரின் மேலதிகாரி காணொளியில் முகத்தைப் பார்த்து உறுதிப்படுத்திய பின்னரே மீட்டெடுக்க அனுமதிக்கின்றன. முன்கூட்டியே தெரிந்தெடுத்த நம்பிக்கைக்குரிய ஒருவரை மீட்புத் தொடர்பாளராக வைக்கும் வசதியை அப்பிள் தருகிறது. இவை சரியான திசையில் வைத்த அடிகள் என்றே கருதுகிறேன்.

நீக்குதல் பற்றி அதிகம் எழுதத் தேவையில்லை, ஏனெனில் குறை எல்லோருக்கும் தெரிந்ததே. 2021 மே மாதம் அமெரிக்காவின் கொலோனியல் பைப்லைன் எரிபொருட் குழாய் நிறுத்தப்பட்டதற்கு, வெளியிலிருந்து நிறுவன வலையமைப்புக்குள் நுழைய உதவும், எவரும் பாவிக்காமல் திறந்தே கிடந்த ஒரு வீ.பி.என். கணக்கு வழியாக அமைந்தது. அதற்கு இரண்டாம் சரிபார்ப்பும் இருக்கவில்லை. எமது பிரதேசங்களில் உத்தியோகத்தர்கள் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை இடமாற்றம் பெறுகிறார்கள். மன்னாரிலிருந்து வவுனியாவுக்கு மாறியவரின் பழைய கணக்கு மன்னாரில் உயிரோடு இருக்கும். புதிதாக வந்தவர் அதே கணக்கைப் பாவிப்பார். கிளை முழுவதற்கும் ஒரே கடவுச்சொல் என்ற நிலை தானாகவே உருவாகிவிடும். ஏதாவது பிழை நடந்தால் அதைச் செய்தவர் யார் என்று எவராலும் சொல்ல முடியாது. இடமாற்றக் கடிதம் வெளியாகும் நாளிலேயே பழைய உரிமைகள் தானாக நீங்கி, புதிய பதவிக்குரியவை பிறக்கும்படி செய்வதற்கு ஸ்கிம் போன்ற நெறிமுறைகள் போதும். ஆளணிப் பதிவேடு ஒழுங்காக இருக்க வேண்டும் என்பது மட்டுமே முன்நிபந்தனை. வேலையின் கடினம் நிரலில் இல்லை, பதிவேட்டில் இருக்கிறது. இதைப் பயிற்சிக் காலத்திலேயே உணர்ந்துகொண்டால் பல ஆண்டுகளின் அலைச்சல் மிச்சமாகும்.

மனிதர்களைவிட வேகமாகப் பெருகும் இன்னொரு கூட்டம் இருக்கிறது. ஒரு சேர்வர் இன்னொரு சேர்வரோடு பேசும்போது தன்னை உறுதிப்படுத்தப் பயன்படுத்தும் சேவைக் கணக்குகள், ஒரு மென்பொருள் இன்னொன்றை அழைக்கப் பயன்படும் ஏ.பி.ஐ. திறவுகோல்கள், டிஜிட்டல் சான்றிதழ்கள் ஆகியவை அவை. இவற்றுக்கு முகமோ தொலைபேசியோ இடமாற்றக் கடிதமோ இல்லை. 2023 இல் ஒக்டாவின் வாடிக்கையாளர் ஆதரவு அமைப்புக்குள் தாக்கியவர்கள் நுழைந்தது ஒரு சேவைக் கணக்கின் கடவுச்சொல்லைக் கொண்டே. ஓர் ஊழியர் அலுவலக மடிக்கணினியின் உலாவியில் தனது சொந்தக் கூகுள் கணக்கிற்குள் நுழைந்திருந்தார், அந்தக் கடவுச்சொல் அங்கே சேமிக்கப்பட்டிருந்தது என்று நிறுவனமே விளக்கியது. அடையாளத்தைக் காப்பதையே தொழிலாகக் கொண்ட நிறுவனத்திலும் இது நிகழ்ந்தது என்பதைப் பழியாகச் சொல்லவில்லை. இயந்திரக் கணக்குகளை எவரும் ஆளணியைப் போலக் கணக்கெடுப்பதில்லை என்பதற்குச் சான்றாகச் சொல்கிறேன். வலைத்தளச் சான்றிதழ்களின் ஆயுட்காலத்தை 398 நாள்களிலிருந்து படிப்படியாகக் குறைத்து, 2029 மார்ச் 15 இலிருந்து 47 நாள்களாக்குவதென்று சான்றிதழ் வழங்குநர்களும் உலாவி நிறுவனங்களும் 2025 ஏப்ரலில் தீர்மானித்துவிட்டன. கையால் புதுப்பிக்கும் பழக்கம் அதோடு முடிந்துவிடும். செயற்கை நுண்ணறிவு முகவர்கள் ஒருவரின் சார்பில் மின்னஞ்சல் அனுப்பவும் பணம் செலுத்தவும் தொடங்கியிருக்கும் இந்நாளில், அந்த முகவர் எவருடைய அனுமதியின் எந்தப் பகுதியை எவ்வளவு நேரத்துக்குக் கொண்டிருக்கிறது என்ற கேள்வியே அடுத்த சில ஆண்டுகளின் முதன்மைப் பணியாக இருக்கும் என நம்புகிறேன். ஓஆத் நெறிமுறையை நுணுக்கமாகக் கற்றவர்களுக்கு அங்கே நிறைய வேலை உண்டு.

இனி அரசாங்கத்தின் அடையாளம். இலங்கைத் தேசிய அடையாள அட்டை 1972 இலிருந்து வழங்கப்படுகிறது. 2016 இலிருந்து இலக்கம் 12 எண்களாக மாறியது. அந்த இலக்கத்தின் முதல் நான்கு எண்கள் பிறந்த ஆண்டு. அடுத்த மூன்று ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது, பெண்களுக்கு அதோடு 500 கூட்டப்படும். அதாவது இலக்கத்தை அறிந்தவர் வயதையும் பாலையும் பிறந்த நாளையும் அறிந்துவிடுகிறார். போட்டோக் கொப்பிக் கடைகளிலும் தொலைபேசிக் கடைகளிலும் விடுதிகளிலும் அட்டையின் பிரதிகள் குவிந்து கிடக்கும் நாட்டில் அந்த இலக்கத்தை இரகசியமாகக் கருதி, அதைச் சொன்னாலே ஆளை ஏற்றுக்கொள்ளும் தொலைபேசிச் சேவைகள் இருப்பது ஆபத்தானது. இலக்கம் ஒருவரைக் குறிக்கலாம். அவரே பேசுகிறார் என்பதை அது நிறுவாது.

இந்திய நன்கொடையுடன் முன்னெடுக்கப்படும் இலங்கையின் தனித்துவ டிஜிட்டல் அடையாளத் திட்டம் மொசிப் என்ற திறந்த மூலத் தளத்தை அடிப்படையாகக் கொண்டது. பெங்களூரின் சர்வதேசத் தகவல் தொழில்நுட்பக் கல்வி நிறுவனத்தில் 2018 இல் தொடங்கப்பட்ட இத்தளம் பிலிப்பைன்ஸ், எத்தியோப்பியா முதலிய நாடுகளிலும் பயன்படுகிறது. அதன் உள்நுழைவுப் பகுதியான இ-சிக்னெட் ஓப்பன் ஐடி கனெக்ட் நெறிமுறையையே பேசுகிறது. தனியார் துறைக்காக நீங்கள் கற்பது அரசாங்கத் திட்டத்துக்கும் அப்படியே பயன்படும். ஒருவர் ஒருமுறை ஒழுங்காகப் பதிவாகிவிட்டால் ஓய்வூதியத்துக்கும் உரமானியத்துக்கும் வேறுவேறு கந்தோர்களில் வேறுவேறு பிரதிகளைக் கொடுத்து அலைய வேண்டியதில்லை என்ற நன்மையை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஆயினும் இரண்டு விடயங்களை அழுத்திச் சொல்ல வேண்டும். வயலிலும் கல்லுடைப்பிலும் வலை இழுப்பிலும் தேய்ந்த விரல்களில் ரேகை பதிவது கடினம். இந்தியாவில் ஆதார் சரிபார்ப்புத் தோற்றதால் பங்கீட்டுப் பொருள் மறுக்கப்பட்ட அனுபவங்கள் ஏராளம். சரிபார்ப்புத் தோற்றது என்ற காரணத்தால் மட்டும் எவருக்கும் நன்மைகள் மறுக்கப்படக் கூடாது என்பதை 2018 செப்டெம்பர் 26 ஆம் திகதிய இந்திய உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் வலியுறுத்தியது. எமது திட்டத்திலும் ரேகை தோற்றால் மாற்றுவழி என்ன, அதை முடிவெடுக்கும் உத்தியோகத்தர் யார் என்பவை முதல் நாளிலிருந்தே எழுத்தில் இருக்க வேண்டும்.

மற்றது, நினைவோடு தொடர்புடையது. 1990களில் வவுனியாவில் தங்குவதற்கும் அங்கிருந்து தெற்கே போவதற்கும் பாஸ் எடுத்தவர்கள், ஓமந்தைச் சோதனைச்சாவடியில் வரிசையில் நின்றவர்கள் இன்னமும் எம்மோடு வாழ்கிறார்கள். ஒரு பதிவேடு எந்த நோக்கத்துக்காகத் தொடங்கப்பட்டது, பின்னர் எதற்குப் பயன்பட்டது என்ற கேள்வி அவர்களுக்கு ஏட்டுச்சுரைக்காய் அல்ல. ஆகவே எந்தத் திணைக்களம் எந்தத் தரவை எப்போது பார்த்தது என்பதை உரியவரே தன் கணக்கில் காணக்கூடியதாக இருக்க வேண்டும். ஒரு சேவைக்குத் தேவையான தகவல் மட்டுமே அந்தச் சேவைக்குப் போக வேண்டும். 2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் இதற்கான அடிப்படையைத் தருகிறது. பதினெட்டு வயது நிரம்பியவர் என்பதை மட்டும் நிரூபித்து, பிறந்த திகதியையோ முகவரியையோ வெளியிடாத சான்றுகளுக்கான தரநிலைகளும் முதிர்ந்துவிட்டன. ஐரோப்பிய ஒன்றியம் 2024 இல் நடைமுறைக்கு வந்த தனது ஒழுங்குவிதியின் கீழ், உறுப்பு நாடுகள் 2026 இறுதிக்குள் அத்தகைய சான்றுகளை வைத்திருக்கும் டிஜிட்டல் பணப்பைகளை மக்களுக்குத் தர வேண்டும் என்று விதித்திருக்கிறது. சட்டமும் தொழில்நுட்பமும் இருக்கும்போது அவற்றை வடிவமைப்புக்குள் கொண்டுவருவது எழுதும் பொறியியலாளர்களின் கையில் இருக்கிறது. தமிழில் பெயர் எழுதும்போது முதலெழுத்து, தந்தை பெயர், ஆங்கில எழுத்துக்கூட்டு ஆகியவை ஆவணத்துக்கு ஆவணம் மாறுவதால் ஒருவர் இருவராகப் பதிவாகும் சிக்கலை, அந்தச் சிக்கலை வீட்டிலேயே அனுபவித்தவர் அந்த அறையில் இருந்தால்தான் நேரத்தோடு கண்டுபிடிப்பார். உங்களைப் போன்றவர்கள் அங்கே போக வேண்டும் என்று நான் விரும்புவதற்கு இது பெரிய காரணம்.

பயிற்சி தொடங்குமுன் செய்யக்கூடியதையும் சொல்கிறேன். கீகிளோக், டபிள்யூ.எஸ்.ஓ.2 ஐடென்டிட்டி சேர்வர் ஆகிய திறந்த மூல உள்நுழைவு மென்பொருள்கள் இரண்டும் இலவசமாகக் கிடைக்கின்றன. எட்டு கிகாபைட் நினைவகமுள்ள மடிக்கணினியில் ஓடும். ஒன்றைத் தெரிந்தெடுங்கள். இரண்டு சிறிய செயலிகளை அதோடு இணைத்து, ஒன்றில் நுழைந்தவர் மற்றதிலும் கடவுச்சொல் இன்றி நுழையும்படி செய்யுங்கள். உலாவிக்கும் சேர்வருக்கும் இடையே போகும் ஒவ்வொரு கோரிக்கையையும் திறந்து பார்த்து, உள்நுழைந்தவருக்குக் கிடைக்கும் அனுமதிச் சீட்டான டோக்கன்களில் எது எங்கே பிறக்கிறது, எப்போது காலாவதியாகிறது என்று கையால் வரைந்து வையுங்கள். பின்னர் ஒரு பயனருக்குப் பாஸ்கீ வைத்து, அந்தப் பயனரின் தொலைபேசி தொலைந்துவிட்டதாக எடுத்துக்கொண்டு, அவரை மீட்கும் வழியை நீங்களே எழுதுங்கள்: யார் சாட்சி, யார் ஒப்புதல், எத்தனை மணித்தியாலக் காத்திருப்பு, பழைய அமர்வுகள் எப்போது துண்டிக்கப்படும், அதே வழியாக வேறொருவர் நுழைய முயன்றால் உரியவருக்கு எப்படித் தெரியவரும். இவற்றை ஒரு பக்கத்தில் எழுதி முடித்தபின், நிறுவனத்தில் சேர்ந்த முதல் வாரத்தில் அவர்களுடைய உதவி மையத்தின் மீட்பு நடைமுறையைக் காட்டும்படி கேளுங்கள். அதையும் உங்கள் பக்கத்தையும் அருகருகே வைத்துப் பார்க்கும்போது வேறுபாடுகள் கண்ணிற் படும். அவற்றை உங்கள் மேற்பார்வையாளரிடம் கேள்விகளாகக் கொண்டுபோங்கள்.